நடுவழியில் மாறிய கெழு: துருக்கியின் தொழிற்பள்ளி மாணவர்களும் நுழைவுத்தேர்வு வழக்குகளும்

இரண்டு மாணவர்களை எடுத்துக்கொள்வோம். ஒருவன் தொழிற்பள்ளியில் மின்பணி படித்தவன். இன்னொருவன் பொதுப் பள்ளியில் அறிவியல் பிரிவு. இருவருக்கும் பள்ளி மதிப்பெண் 80. நுழைவுத்தேர்விலும் சமமான மதிப்பெண். இருவரும் கேட்பது மின் பொறியியல்.

2003க்குப் பிந்தைய துருக்கியில் கணக்கு இப்படிப் போகும். அறிவியல் மாணவனின் 80ஐ 0.8ஆல் பெருக்கி, வரும் 64ஐ நுழைவுத்தேர்வு மதிப்பெண்ணோடு கூட்டுவார்கள். மின்பணி படித்தவனின் 80ஐ 0.3ஆல் பெருக்குவார்கள், கிடைப்பது 24. நாற்பது மதிப்பெண் போயே போயிற்று. ஏன் என்று கேட்டால், மின் பொறியியல் அவனுடைய துறை இல்லை என்பார்கள். மின்பணி படித்தவனுக்கு மின் பொறியியல் அயல் துறை! அவனுடைய 'சொந்தத் துறை' என்று ஒதுக்கப்பட்டது, தொழிற்பள்ளிகளுக்கு ஆசிரியர்களைத் தயாரிக்கும் தொழில்நுட்பக் கல்விப் பீடம். அங்கே விண்ணப்பித்தால் கூடுதல் மதிப்பெண்கூட உண்டு. பொறியாளர் ஆக வேண்டும் என்றால்தான் இந்த வெட்டு.

அந்தப் பெருக்கும் எண்ணுக்குத் துருக்கி மொழியில் காட்சாயி என்று பெயர். நம் இயற்கணிதப் பாடத்தில் கெழு என்று படித்தோமே, அதுதான். 1998 முதல் 2012 வரை அந்த நாட்டின் அரசியலை இந்தக் கெழு ஆட்டிப்படைத்தது. குடியரசுத் தலைவர், ராணுவத் தலைமை, உச்ச நிர்வாக நீதிமன்றம், வழக்கறிஞர் சங்கம், கடைசியில் ஸ்திராஸ்பூர்கில் உள்ள ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் வரை அது போனது. இவ்வளவு பேர் பேசியதில், மின்பணி படித்த அந்தப் பையனைப் பற்றிப் பேசியவர்கள் மிகக் குறைவு. வழக்கின் சுவாரசியமும் சோகமும் அங்கேதான் இருக்கின்றன.

குறி யாருக்கு, அடி யாருக்கு

துருக்கியில் இமாம்-ஹாத்திப் பள்ளிகள் என்று ஒரு வகை உண்டு. பள்ளிவாசல்களுக்கு இமாம்களையும் உரை நிகழ்த்துவோரையும் உருவாக்க, 1924ஆம் ஆண்டின் கல்வி ஒருங்கிணைப்புச் சட்டத்தின்கீழ் அரசே தொடங்கிய பள்ளிகள். சட்டப்படி இவையும் தொழிற்பள்ளிகள். தச்சு, மின்பணி, தாதியர் பயிற்சி, வணிகம் எல்லாம் எந்தப் பட்டியலில் வருகின்றனவோ அதே பட்டியல். 1973இல் வந்த தேசியக் கல்வி அடிப்படைச் சட்டம், இப்பள்ளிகள் தொழிலுக்கும் உயர்கல்விக்கும் சேர்த்தே மாணவர்களைத் தயார் செய்யும் என்றது. 1983இல் செய்த திருத்தத்தால், மேல்நிலைப் படிப்பு முடித்த எவரும் பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பிக்கலாம் என்று ஆனது. இமாம் ஆகும் எண்ணமே இல்லாத பிள்ளைகளும் பக்தியுள்ள குடும்பங்களிலிருந்து இங்கே சேர்ந்தார்கள். சட்டம், அரசியல், நிர்வாகம் என்று போனார்கள். 1973இல் இஸ்தான்புல் இமாம்-ஹாத்திப் பள்ளியில் படிப்பை முடித்து, பின்னாளில் பிரதமரான ரெஜெப் தையிப் எர்டோகன் அவர்களில் ஒருவர்.

மதச்சார்பின்மையைக் கட்டிக்காப்பது தன் பொறுப்பு என்று கருதிய ராணுவத்துக்கு இது பிடிக்கவில்லை. 1997 பிப்ரவரி 28 அன்று தேசியப் பாதுகாப்பு மன்றம் கோரிக்கைகளின் ஒரு நீண்ட பட்டியலை அரசின் முன் வைத்தது. பிரதமர் நெஜ்மெத்தின் எர்பகான் ஜூனில் பதவி விலகினார். ஆகஸ்டில் எட்டாண்டுத் தொடர் கட்டாயக் கல்விச் சட்டம் வந்து, இமாம்-ஹாத்திப் பள்ளிகளின் நடுநிலைப் பிரிவுகளை மூடியது. அடுத்த கதவை மூடியது உயர்கல்வி மன்றம். துருக்கியில் அதைச் சுருக்கமாக யோக் என்பார்கள். கெமால் குரூஸ் தலைவராக இருந்த அந்த மன்றம் 1998 ஜூலை 30 அன்று நுழைவுத்தேர்வு முறையை மாற்றியது. இரண்டு கட்டத் தேர்வு ஒரே தேர்வானது. பள்ளி மதிப்பெண்ணுக்குத் துறைவாரியாகக் கெழு வந்தது. முதலில் சொந்தத் துறைக்கு 0.5, அயல் துறைக்கு 0.2. பிறகு 0.8, 0.3 என்று இடைவெளி அகன்றது.

விதியில் இமாம்-ஹாத்திப் என்ற சொல்லே கிடையாது. 'ஒரு தொழிலை நோக்கிய பாடத்திட்டம் கொண்ட பள்ளிகள்' என்று மட்டும் இருந்தது. மத அடிப்படையில் ஒதுக்குவதாகச் சொன்னால் நீதிமன்றத்தில் நிற்காது; தொழிற்பள்ளி என்றால் நிற்கும். அப்படித்தான் தச்சனும் தாதியும் மின்பணியாளனும் உள்ளே மாட்டிக்கொண்டார்கள். பொதுப் பள்ளி மாணவர்களும் தங்கள் பிரிவைத் தாண்டிக் கேட்டால் குறைந்த கெழுதான் பெற்றார்கள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆனால் அவர்களுடைய 'சொந்தத் துறை' அகலமானது: பொறியியல், மருத்துவம், சட்டம், பொருளியல் எல்லாம் ஏதோ ஒரு பொதுப் பிரிவுக்குள் அடங்கிவிடும். தொழிற்பள்ளி மாணவனுக்கு அந்த வட்டம் ஒரு சந்து.

சந்துக்குள் ஒரு சிறு சலுகையும் கிடைத்தது. 2001இல் வந்த ஒரு சட்டம், தொழிற்பள்ளி முடித்தவர்கள் ஈராண்டுத் தொழிற்கல்லூரிகளுக்குத் தேர்வே எழுதாமல் போகலாம் என்றது. கேட்க நன்றாக இருக்கிறது. நான்காண்டுப் பட்டப்படிப்பின் கதவைச் சாத்திவிட்டுப் பக்கத்தில் இருக்கும் ஈராண்டுக் கதவைத் திறந்துவைத்தால், மாணவர்கள் எந்தப் பக்கம் போவார்கள் என்று சொல்லவா வேண்டும்.

1996-97இல் நடுநிலைப் பிரிவையும் சேர்த்து இமாம்-ஹாத்திப் மாணவர்கள் 5 லட்சத்துக்கு மேல். 2002-03இல் சுமார் 70 ஆயிரம். கெழுவின் வேலை இது என்று அடிக்கடி காட்டப்படும் எண்கள் இவை. அதை அப்படியே ஏற்க முடியாது. நடுநிலைப் பிரிவுகளை மூடியதே இந்தச் சரிவில் பெரும்பங்கு. கெழு பாதித்தது மேல்நிலைச் சேர்க்கையை.

ஒரே வரி, இரண்டு வாசிப்பு

வழக்குகளின் மையம் 1981ஆம் ஆண்டின் உயர்கல்விச் சட்டம், அதன் 45ஆம் பிரிவு. தொழிற்பள்ளி முடித்தவர் தன் துறையிலேயே மேலே படிக்க விரும்பினால், அவருடைய பள்ளி மதிப்பெண்ணைத் தனியாக ஒரு கெழுவால் பெருக்கித் தேர்வு மதிப்பெண்ணோடு சேர்க்க வேண்டும் என்று அந்தப் பிரிவில் ஒரு வரி இருந்தது.

நேராகப் படித்தால் இது ஊக்கம். உன் துறையிலேயே தொடர்ந்தால் கொஞ்சம் கூடுதலாகத் தருகிறேன் என்கிறது சட்டம். வேறு துறைக்குப் போனால் பிடுங்குவேன் என்று அது சொல்லவில்லை. ஆனால் யோக் அதே வரியை இன்னொரு விதமாகப் படித்தது: தொழிற்பள்ளி மாணவன் தன் துறையில் தொடர வேண்டும் என்பதே சட்டத்தின் விருப்பம், ஆகவே வேறு பக்கம் போகிறவனைத் தடுப்பதும் அந்த விருப்பத்துக்கு உட்பட்டதே. அங்காராவில் உள்ள உச்ச நிர்வாக நீதிமன்றமான டானிஷ்தாய் இந்த இரண்டாவது வாசிப்பின் பக்கம் நின்றது. 1998 விதியை எதிர்த்த மாணவர்கள் அங்கே தோற்றார்கள்.

என் பார்வையில் முதல் வாசிப்பே சரி. ஊக்கத்தொகை தருவதாகச் சொல்லும் விதியிலிருந்து அபராதத்தை எடுக்க முடியாது. இருந்தாலும், பாடத்திட்டமே வேறாக இருக்கும்போது இரு தரப்பையும் வேறாக நடத்தலாம் என்ற வாதத்தை ஒரேயடியாகத் தள்ளிவிடவும் முடியவில்லை. தொழிற்பள்ளியில் வாரத்தின் பெரும்பகுதி பட்டறையில் போகும். கணிதத்துக்கும் இயற்பியலுக்கும் நேரம் குறைவு. ஆனால் அந்தக் குறை நுழைவுத்தேர்விலேயே வெளிப்பட்டுவிடுமே. தேர்வில் ஒருமுறை, கெழுவில் மறுமுறை என்று ஒரே குறைக்கு இரண்டு தண்டனை எதற்கு?

பின்வாசல் முயற்சிகள்

2002இல் ஆட்சிக்கு வந்த எர்டோகனின் கட்சி இந்த விதியை எடுத்துவிடும் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். 2004 மே மாதம் நாடாளுமன்றத்தில் சட்டத் திருத்தம் நிறைவேறியது. ராணுவத் தலைமை வெளிப்படையாக எதிர்ப்பு அறிக்கை விட்டது. குடியரசுத் தலைவர் அஹ்மத் நெஜ்தெத் செஸர் கையெழுத்திட மறுத்துத் திருப்பி அனுப்பினார். முன்பு அரசியலமைப்பு நீதிமன்றத்தின் தலைவராக இருந்தவர் அவர். நாடாளுமன்றம் அதையே மீண்டும் நிறைவேற்றியிருந்தால் அவர் கையெழுத்திட்டே ஆக வேண்டும். அரசு அதற்குத் துணியவில்லை, கிடப்பில் போட்டது.

2005 டிசம்பரில் கல்வி அமைச்சகம் பின்வாசல் ஒன்றைத் திறந்தது. தொழிற்பள்ளி முடித்தவர் திறந்தநிலைப் பள்ளியில் விடுபட்ட சில பாடங்களை மட்டும் எழுதி, இரண்டாவதாக ஒரு பொதுப் பள்ளிச் சான்றிதழ் வாங்கிக்கொள்ளலாம். கையில் பொதுச் சான்றிதழ் இருந்தால் கெழுத் தொல்லை இல்லை. அப்போதைய யோக் தலைவர் எர்டோகன் தெஸிச். பெயர் ஒற்றுமையே தவிரப் பிரதமருக்கும் அவருக்கும் ஆகாது. அரசியலமைப்புச் சட்டப் பேராசிரியரான அவருடைய மன்றம் வழக்குப் போட்டது. 2006இல் டானிஷ்தாய் தடை விதித்துப் பின்வாசலையும் அடைத்தது. அரசின் ஒரு கை திறப்பதை இன்னொரு கை நீதிமன்றத்தின் மூலம் மூடுகிறது. நடுவில் நிற்கும் மாணவன் எந்தப் படிவத்தை நிரப்புவான்?

எட்டு மாதம், மூன்று விதி

2007இல் எர்டோகனின் கட்சியைச் சேர்ந்த அப்துல்லா குல் குடியரசுத் தலைவரானார். அந்த ஆண்டு டிசம்பரில் யூசுப் ஸியா ஓஸ்ஜான் என்ற சமூகவியல் பேராசிரியரை யோக் தலைவராக்கினார். அதோடு யோக் கட்சி மாறிவிட்டது என்றே சொல்லலாம். 2009 ஜூலை 21 அன்று, இனி எல்லோருக்கும் ஒரே கெழு என்று மன்றம் அறிவித்தது.

இதை எதிர்த்து வழக்குப் போட்டது இஸ்தான்புல் வழக்கறிஞர் சங்கம். நுழைவுத்தேர்வு மதிப்பெண்ணால் வழக்கறிஞர் சங்கத்துக்கு என்ன நட்டம் என்று அரசுத் தரப்பு எரிச்சலோடு கேட்டது. நியாயமான கேள்விதான். துருக்கி வழக்கறிஞர் சட்டம், சட்டத்தின் ஆட்சியைக் காப்பதும் சங்கங்களின் கடமை என்கிறது; அந்தப் பிடியில்தான் வழக்கு நின்றது. கெழுவால் நட்டப்பட்ட மாணவர்கள் யாரும் இதில் தரப்பினர் அல்ல.

2009 நவம்பரில் டானிஷ்தாயின் 8ஆம் அமர்வு இடைக்காலத் தடை கொடுத்தது. சமத்துவம் என்றால் எல்லோரையும் ஒன்றாக நடத்துவது இல்லை. வேறு நிலையில் இருப்பவர்களை வேறாக நடத்தலாம். மாணவரை அவரவர் நாட்டத்துக்கும் திறனுக்கும் ஏற்ப மேல்நிலையிலேயே ஒரு திசைக்கு அனுப்புவது கல்விச் சட்டத்தின் அடிப்படை. கெழுவை எடுத்தால் அந்த ஏற்பாடே அர்த்தமற்றுப் போகும். நீதிமன்றத்தின் காரணங்கள், சுருக்கமாக, இவை.

டிசம்பர் 17 அன்று யோக் புதுக் கணக்கோடு வந்தது: சொந்தத் துறைக்கு 0.15, அயல் துறைக்கு 0.13. சரி, கெழு வேண்டும் என்றீர்கள், இதோ கெழு! அதற்குள் தேர்வு முறையும் மாறியிருந்தது; பள்ளி மதிப்பெண் 500க்குக் கணக்கிடப்பட்டது. முழு 500 எடுத்தவருக்கு 75, அயல் துறைக்குப் போனால் 65. பத்தே மதிப்பெண் வித்தியாசம். இது முந்தைய உத்தரவைச் சுற்றிக்கொண்டு போகும் வேலை, இவ்வளவு சிறிய வித்தியாசத்தால் பயனில்லை என்று 2010 பிப்ரவரியில் நீதிமன்றம் இதற்கும் தடை போட்டது. மார்ச்சில் மூன்றாவது கணக்கு: 0.15, 0.12. அதாவது 75, 60. இந்தப் பதினைந்து மதிப்பெண் வித்தியாசத்தோடுதான் அந்த ஆண்டுத் தேர்வும் அடுத்த ஆண்டுத் தேர்வும் நடந்தன.

பத்து போதாது, பதினைந்து பரவாயில்லை. எங்கே கோடு விழுகிறது என்று எந்தச் சட்டப் புத்தகத்திலும் கிடைக்காது. ஒரு விதி சட்டத்துக்கு உட்பட்டதா என்று பார்ப்பது நீதிமன்றத்தின் வேலை. எண் போதுமா போதாதா என்று பேரம் பேசத் தொடங்கிவிட்டால், மதிப்பெண் திட்டம் போடும் அலுவலகமாக அது மாறிவிடுகிறது. அரசுத் தரப்பு நீதிமன்றத்தைத் திட்டியதில் அரசியல் நிறைய இருந்தாலும், இந்த ஒரு குற்றச்சாட்டில் உண்மை இருக்கிறது என்பேன். யோக்கும் சளைத்ததல்ல. தடை உத்தரவுக்கு இரண்டு தசமத்தில் பதில் சொல்வது சட்டத்தை மதிக்கும் அழகு இல்லை.

அந்த ஆண்டின் முதல்கட்டத் தேர்வு ஏப்ரல் 11. விண்ணப்பித்தவர்கள் சுமார் 15 லட்சம் பேர். தேர்வுக்கு நான்கு வாரம்கூட இல்லாத நேரத்தில்தான் எந்தக் கெழு என்பது முடிவானது. ஜூலையில் சமம் என்று கேட்டு மகிழ்ந்த மாணவன் நவம்பரில் தளர்ந்து, டிசம்பரில் நிமிர்ந்து, பிப்ரவரியில் மறுபடி தளர்ந்து, மார்ச்சில் இன்னொரு கணக்கோடு உட்கார்ந்தான். எந்தப் பக்கம் வென்றாலும் இந்த எட்டு மாத அலைக்கழிப்பு அவனுக்குத்தான்.

ஸ்திராஸ்பூர்க் கேட்ட வேறு கேள்வி

இந்தக் கூச்சலிலிருந்து வெகுதூரத்தில் ஒரு வழக்கு மெதுவாக நகர்ந்துகொண்டிருந்தது. மனுதாரர் இமாம்-ஹாத்திப் மாணவர் இல்லை. தொழிற்பள்ளியில் தொடர்பியல் பிரிவில் படித்தவர். அவர் சேர்ந்தபோது இருந்த விதி வேறு. படித்துக்கொண்டிருக்கும்போதே 1998 விதி வந்தது. பொதுப் பள்ளிக்கு மாறித் தப்பிக்கவும் வழி இல்லாமல் போயிற்று. துருக்கி நீதிமன்றங்களில் தோற்றபின் 2004இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்துக்குப் போனார். தீர்ப்பு 2013 ஜூலை 9 அன்று வந்தது. ஒன்பது ஆண்டு.

அந்தத் தீர்ப்பு இரண்டு பாகம். முதல் பாகத்தில் மாணவர் தோற்றார். பொதுப் பள்ளிக்கும் தொழிற்பள்ளிக்கும் பல்கலைக்கழகச் சேர்க்கையில் வேறுபாடு காட்டியது மட்டும் பாகுபாடு ஆகாது. பாடத்திட்டங்கள் வேறு, உயர்கல்வியின் தரத்தை உயர்த்துவது ஏற்கத்தக்க நோக்கம், இதில் அரசுக்கு விருப்புரிமை உண்டு என்றது நீதிமன்றம். டானிஷ்தாய் பத்தாண்டுக்கு மேலாகச் சொல்லிவந்ததும் ஏறக்குறைய இதுதான்.

இரண்டாம் பாகத்தில் மாணவர் வென்றார். விதி மாறும் என்று அவர் எதிர்பார்த்திருக்க முடியாது. மாறியபோது, ஏற்கெனவே உள்ளே இருந்தவர்களுக்கு எந்த மாற்று ஏற்பாடும் செய்யப்படவில்லை. அதனால் அவருடைய உயர்கல்வி உரிமை பயனற்றுப் போனது. விதியின் கடுமை அதன் நோக்கத்துக்கு ஏற்ற அளவில் இல்லை. ஐரோப்பிய மனித உரிமை உடன்படிக்கையில் பாகுபாட்டுக்கு எதிரான 14ஆம் பிரிவும் கல்வி உரிமை தரும் முதல் நெறிமுறையின் 2ஆம் பிரிவும் சேர்ந்து மீறப்பட்டன என்றது தீர்ப்பு.

கெழு இருக்கலாமா கூடாதா என்று துருக்கி முழுவதும் பதினைந்து ஆண்டாகச் சண்டை போட்டது. ஸ்திராஸ்பூர்க் அதைக் கேட்கவே இல்லை. கெழு வரும்போது வழியில் இருந்தவனுக்கு என்ன செய்தீர்கள் என்று கேட்டது. எனக்குத் தெரிந்து இந்தக் கதையில் மாணவனின் இடத்தில் நின்று கேட்கப்பட்ட ஒரே கேள்வி இதுதான். 1998இல் ஒரே ஒரு வரி சேர்த்திருந்தால் போதும்: இந்த விதி இனிமேல் சேர்பவர்களுக்கு. அதைச் சேர்க்காததற்குக் காரணம் ஊகிக்கக் கடினமில்லை. அப்போது பள்ளிக்குள் இருந்த இமாம்-ஹாத்திப் மாணவர்களைத் தடுப்பதுதான் அவசரமாக இருந்தது. புதிதாகச் சேர்பவர்களுக்கு மட்டும் என்றால் பலன் தெரிய மூன்றாண்டு காத்திருக்க வேண்டும்.

தீர்ப்பு வந்தபோது விதியே இல்லை. 2010 செப்டம்பர் 12 பொதுவாக்கெடுப்பில் நீதித்துறை நியமன முறை மாறியது. 2011இல் டானிஷ்தாயின் உறுப்பினர் எண்ணிக்கையும் கூட்டப்பட்டது. அந்த டிசம்பர் 1 அன்று, பதவி முடியப்போகும் நேரத்தில், ஓஸ்ஜானின் யோக் எல்லோருக்கும் 0.12 என்று அறிவித்தது. 2012 தேர்வுக்கு அதுவே நடைமுறை. மூன்று முறை முடியாதது நான்காம் முறை முடிந்ததற்கு வாதத்தின் வலிமை காரணம் என்று நினைக்க இடமில்லை.

மின்பணி மாணவனுக்கு இதனால் என்ன கிடைத்தது? அவனுடைய 'சொந்தத் துறை'யாக இருந்த தொழில்நுட்பக் கல்விப் பீடங்களை 2009 நவம்பரிலேயே மூடித் தொழில்நுட்பப் பீடங்கள் என்று வேறு ஏற்பாடு செய்துவிட்டார்கள். மின் பொறியியலுக்கு இப்போது சமமான கெழுவோடு போட்டியிடலாம். ஆனால் நுழைவுத்தேர்வு வினாத்தாள் பொதுப் பள்ளிப் பாடத்திலிருந்தே வருகிறது. பட்டறையில் செலவான நேரத்தைக் கெழு திருப்பித் தராது. இமாம்-ஹாத்திப் பள்ளிகளுக்கு நடுநிலைப் பிரிவுகள் திரும்பக் கிடைத்தன, மாணவர்கள் பெருகினார்கள், அரசியல் ஆதரவும் இருந்தது. பட்டறைப் பள்ளிகளுக்கு அப்படி ஒரு காவலர் கிடைக்கவில்லை.

நடுநிலைப் பிரிவுகளைத் திருப்பிக் கொடுத்த 2012 மார்ச் 30ஆம் தேதிச் சட்டமே 45ஆம் பிரிவையும் திருத்தியது. பள்ளி மதிப்பெண் குறைந்தது 250, அதிகபட்சம் 500. அதில் 12 விழுக்காடு நுழைவுத்தேர்வு மதிப்பெண்ணோடு சேரும், எல்லோருக்கும். இனி யோக் நினைத்தாலும் ஒரு கூட்டத்தில் தசமத்தை மாற்ற முடியாது. சொந்தத் துறைக்கான கூடுதல் மதிப்பெண்ணும் போய்விட்டது. ஆனால் அந்தத் தேதியில் தொழிற்பள்ளிப் பதிவேட்டில் பெயர் இருந்தவர்களுக்கும் அதற்குமுன் முடித்தவர்களுக்கும் மட்டும், தங்கள் துறைக்கு விண்ணப்பித்தால் 0.06 கூடுதல் கெழு தொடரும் என்று வைத்தார்கள். அதன்பின் வந்த தேர்வு வழிகாட்டிகளிலும், பலர் கவனிக்காமல் தாண்டிப்போகும் ஓர் இடத்தில், 30.03.2012 என்ற தேதியோடு அந்த வரி அச்சாகிறது.